வெறுங்கோப்பை

நவம்பர் 4, திங்கள்

தாடியைத் தொடக்கூடாதென்று இன்று மறுபடியும் சொன்னார்கள். நான் என்ன குழந்தையா? முதல் நாள் இருந்த முகம் கடைசி நாளும் இருக்கவேண்டும் என்பது இந்தப் பிள்ளைகள் பள்ளிக்கூடம் போவதற்கு முன்னரே எனக்குத் தெரியும். படத்தை யாரும் வரிசையாக எடுப்பதில்லை. காலையில் முடிவுக்கு முந்திய காட்சி, மத்தியானம் ஆரம்பம். நடுவில் தாடி குறைந்தால் எல்லாம் குப்பை. அதற்காகவே ஒப்பனைக்காரி பெத்தன் தினமும் காலையில் என் முகத்தை நாலு பக்கமும் படம் பிடித்து வைத்துக்கொள்கிறாள்.

ஹேஸ்டிங்ஸில் கடற்கரைக்குப் பின்தெருவில் பூட்டிக் கிடந்த ஒரு சலவைக் கடை. அதற்குள்தான் முழுப் படமும். கடையை இடிக்க வருகிறவர்களுக்குக் கதவு திறக்க மறுக்கும் கிழவன் நான். கேபிள் இழுப்பவனும் விளக்குப் பூட்டுபவனும் வான் ஓட்டுபவனும் நான்தான். சின்னப் படங்களில் அப்படித்தான். இதுவரை திரையில் என் பெயர் ‘கடைக்காரர்’, ‘இரண்டாவது டாக்சிக்காரர்’, ‘ஆஸ்பத்திரியில் ஒருவர்’. ஒரு படத்தில் பிணம். நன்றாகக் கிடந்தீர்கள் என்று பாராட்டினார்கள். இந்தப் படத்தில்தான் முதன்முதலாக ஒரு முழு மனிதன். இயக்குநர் ஹேசல் அவனுக்கு மிஸ்டர் பட்டேல் என்று பெயர் வைத்திருந்தாள். நான் பட்டேல் இல்லை என்றேன். இரண்டு நாள் வாதாடினாள். மூன்றாம் நாள் அவன் மிஸ்டர் நாதன் ஆனான். என் பெயர் கதிர்காமநாதன்.

பின்னேரம் தாரணி தொலைபேசியில் வந்தாள். லண்டனில் டூட்டிங் பக்கம் இருக்கும் டூட்டிங்காரரின் மகள்.

“சித்தப்பா, ஆஸ்பத்திரியில அப்பா சாப்பாட்டை விட்டிட்டார். டொக்டர் வந்து பாக்கச் சொல்லுறார்.”

“டொக்டர் பாக்கட்டும். நான் என்ன டொக்டரோ?”

“உங்களை வந்து பாக்கச் சொல்லுறார் சித்தப்பா.”

படப்பிடிப்பு நடக்கிறது என்றேன். அது உண்மை.

நவம்பர் 6, புதன்

மழை. கூரை ஒழுகி ஒரு விளக்கு போய்விட்டது. வேறொன்றும் இல்லை.

நவம்பர் 8, வெள்ளி

இன்று தேநீரால் சண்டை. கிழவன் கதவுக்கு வெளியே நிற்கிறவனோடு பேசிக்கொண்டே தேநீர் குடிக்கவேண்டும். உதவி இயக்குநர் டீன் வெறும் கோப்பையைக் கொண்டுவந்து தந்தான். இவர்கள் ஆங்கிலத்தில் பேசுவதை என் தமிழில்தான் எழுதுகிறேன், நடையில் குறை இருந்தால் அது என் குறை.

“தேநீர் எங்கே?” என்றேன்.

“நடியுங்கள் நாதன். அதற்குத்தானே கூப்பிட்டோம்.”

“வெறும் கோப்பையில் குடிக்கமாட்டேன். சூடாக வேண்டும்.”

“சூடாக இருந்தால் ஆவி வரும். அடுத்த ஷாட்டில் ஆவி இருக்காது. இரண்டையும் எப்படி ஒட்டுவது?”

“ஒவ்வொரு தடவையும் புதிதாகப் போடு.”

எல்லோரும் நின்றார்கள். கமராக்காரன் கைக்கடிகாரத்தைப் பார்த்தான். கடைசியில் ஆறிய தேநீர் என்று முடிவானது. அரை வெற்றி. நான் அதை வெற்றியாகக் கணக்கெடுக்கவில்லை. டீன் அந்தப் பக்கம் போய் யாருக்கோ, “இந்தக் கிழவர் கதையில் மட்டும்தான் கிழவர் என்று நினைத்தேன்” என்றான். எனக்குக் காது நன்றாகக் கேட்கும்.

இது எங்கே தொடங்கியது என்பதை எழுதிவைக்கிறேன். ஒன்பது வருடத்துக்கு முன், தாரணியின் வீடு. நான் நடித்த ஒரு படம் தொலைக்காட்சியில் போனது. ஆஸ்பத்திரியில் ஒருவர். ஒரு நிமிடம் வருவேன், கோப்பையோடு. வீடு நிறையச் சனம். டூட்டிங்காரர் எல்லோருக்கும் முன்னால் எழும்பி நின்று சொன்னார்: “கதிரா, அந்தக் கோப்பையில ஒண்டும் இல்லை எண்டு எனக்கே தெரியுது. உள்ளுக்கை ஒண்டும் இல்லாதவன் குடிக்கிற மாதிரிக் குடிக்கிறாய்.” சனம் சிரித்தது. சின்னப் பிள்ளைகளும் சிரித்தன. நான் கோட்டை எடுத்துக்கொண்டு வெளியேறினேன். அதற்குப் பிறகு அந்த மனிதரோடு ஒரு வார்த்தை இல்லை.

அவர் சொன்னது பிழை என்று நான் சொல்லவில்லை. அவர் சொன்ன விதத்தைச் சொல்கிறேன்.

நவம்பர் 10, ஞாயிறு

லண்டனுக்குப் போய் இரண்டு விளக்கு எடுத்து வந்தேன். விளக்குக் கடை வடக்கே. இருந்தாலும் டூட்டிங் வழியாக வந்தேன், மற்றப் பாதையில் வேலை நடக்கிறதாம். அங்கே ஆஸ்பத்திரியின் வாகனத் தரிப்பிடம் மகா மோசம். உள்ளே நுழைந்தால் வெளியே வர வழி தெரியாது. மேல் தளத்தில் காற்று அடிக்கிறது. ஒரு யன்னலில் யாரோ மஞ்சள் நிறப் பலூன் கட்டியிருந்தார்கள். வெகுநேரம் கழித்து ஒரு தாதி வந்து அதை அவிழ்த்தாள்.

விளக்குகள் நல்ல நிலையில் இருக்கின்றன.

நவம்பர் 12, செவ்வாய்

ஒலிப்பதிவு நடக்கும்போது எல்லோரும் தொலைபேசியை அணைக்கவேண்டும். நானும் அணைத்திருந்தேன். மத்தியானம் திறந்தபோது தாரணியிடமிருந்து ஏழு அழைப்பு.

காலை பத்தரைக்குப் போய்விட்டாராம்.

பின்னேரம் எட்டாம் காட்சி எடுத்தோம். ஹேசல் ‘மிக நன்று’ என்றாள். மூன்று கேபிள் பழுது, நாளைக்குப் பார்க்கவேண்டும்.

நவம்பர் 13, புதன்

தாரணியோடு பேசினேன். அடுத்த புதன்கிழமை தகனம்.

“கொள்ளி நீங்கள்தானே வைக்கோணும் சித்தப்பா. அப்பாவுக்குப் பெடியள் இல்லை.”

“உன்ர மனுசன் ரகுலன் இருக்கிறான்தானே. மருமகன் வைக்கலாம்.”

“வைக்கலாம். கூடப்பிறந்த தம்பி உயிரோட இருக்கேக்க மருமகன் ஏன் வைக்கிறான் எண்டு சனம் கேக்கும்.”

“ஒன்பது வருசமாச் சனம் என்னத்தைக் கேட்டது?”

அவள் அழவில்லை. “யோசிச்சுச் சொல்லுங்கோ” என்று வைத்துவிட்டாள்.

யோசிக்க என்ன இருக்கிறது? கொள்ளி வைக்கிறவன் தலைமயிர், தாடி, மீசை எல்லாம் எடுக்கவேண்டும். எடுத்தால் இந்தப் படம் போச்சு. தகனத்துக்குப் பிறகும் ஐந்து காட்சி இருக்கிறது. அதில் ஒன்று நான் மூடிய கதவைப் பார்த்துப் பேசும் பேச்சு, ஒரு பக்கத்துக்கு மேல். கண்ணாடிக்கு முன்னால் பாடமாக்கி வைத்திருக்கிறேன். அதற்காகத்தான் இந்தப் படத்துக்கே வந்தேன். கடையை வருகிற சனிக்கிழமைக்கு அடுத்த சனி காலி பண்ணிக் கொடுக்கவேண்டும், நாள் தள்ள வழியில்லை.

ஹேசலிடம் போனேன். குடும்பத்தில் ஒரு சாவு, புதன்கிழமை போகவேண்டும் என்றேன். யார் என்று கேட்டாள். தூரத்துச் சொந்தம் என்றேன். தூரம்தான். இரண்டு மணித்தியால ஓட்டம்.

“கட்டாயம் போய் வாருங்கள். புதன்கிழமை உங்கள் காட்சி ஒன்றும் வைக்கமாட்டேன். வேறு ஏதும் தேவையா?”

இல்லை என்றேன். ஒருநாள் விடுமுறையோடு அவளுடைய பிரச்சினை தீர்ந்துவிட்டது என்று நினைக்கிறாள். அவர்கள் சாவு வீட்டுக்குக் கறுப்புக் கோட்டோடு போய்க் கறுப்புக் கோட்டோடு வருகிறவர்கள். நாங்கள் முகத்தை அங்கே விட்டுவிட்டு வருவோம் என்று அவளுக்கு எப்படித் தெரியும்? நானும் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இல்லை, ரகுலன்தான் வைக்கப்போகிறான்.

தாரணிக்கு அதையே செய்தியாக அனுப்பிவிட்டேன். பதில் இல்லை.

நவம்பர் 15, வெள்ளி

தூக்கம் சரியில்லை. தங்கியிருக்கும் கரவன் வண்டியில் காற்று புகுகிறது.

நவம்பர் 16, சனி

தாரணி நேரில் வந்துவிட்டாள். லண்டனிலிருந்து தனியாக ஓட்டிக்கொண்டு. நான் ஏணியில் நின்று விளக்குக் கழற்றிக்கொண்டிருந்தேன். கீழே நின்று என் முகத்தையே பார்த்தாள்.

“அப்பா சொன்ன மாதிரித்தான் இருக்கு” என்றாள்.

“என்ன சொன்னவர்?”

“இறங்கி வாங்கோ. ஏணிக்குக் கீழ நிண்டு சாவைக் கதைக்கேலாது.”

கடற்கரைக்கு நடந்தோம். கூழாங்கல்லில் அவளுடைய சப்பாத்துப் புதைந்தது. இந்தப் படக்காரர்கள் இணையத்தில் என் படம் ஒன்றைப் போட்டிருந்தார்களாம், தாடியோடு, சலவை இயந்திரத்துக்குப் பக்கத்தில். அதை அவருக்குக் காட்டினாளாம்.

“போனைக் கையில இருந்து விடேல்லை சித்தப்பா. நர்ஸ்மாருக்கெல்லாம் காட்டினவர். இப்பதான் இவன் மனுசன் மாதிரி இருக்கிறான் எண்டவர்.”

“அதிலையும் நக்கல்தான்.”

“பேந்து ஒண்டு சொன்னவர், அண்டைக்கு நான் மறைச்சிட்டன். கதிரனைக் கொள்ளிக்குக் கரைச்சல் படுத்தாதேங்கோ எண்டு. அவனுக்குத் தாடி வேணும், ரகுலன் வைக்கட்டும், நான் அவனை விட்டிட்டன் எண்டு சொல்லு எண்டவர்.”

நான் நடையை நிறுத்தினேன்.

“ஆரைக் கேட்டு விட்டவர்?”

“என்ன?”

“என்னை விட இவர் ஆர்? நான் வரமாட்டன் எண்டு சொன்னா அது என்ர முடிவு. இவர் படுக்கையில கிடந்துகொண்டு எனக்கு லீவு தாறாரோ?”

“சித்தப்பா, அவர் உங்களுக்காகத்தான்…”

“எனக்காக ஒருத்தரும் ஒண்டும் செய்யத் தேவையில்லை.”

தாரணி கடல் பக்கம் திரும்பினாள். பிறகு சொன்னாள்: “உங்கள் ரெண்டு பேரையும் ஒரே பெட்டியில வைச்சு எரிக்கோணும். அப்பதான் எங்களுக்கு நிம்மதி.” சொல்லிவிட்டு அவளே வாயைப் பொத்திக்கொண்டாள். காரில் ஏறும்போது திரும்பிப் பார்க்கவில்லை.

எல்லாவற்றையும் தானே முடிவெடுத்துப் பழகியவர். சின்னவயதிலும் இப்படித்தான். நான் எறியவேண்டிய பந்தையும் தானே எறிவார், பிறகு ‘நீ களைச்சுப் போனாய்’ என்பார். நான் களைக்கவில்லை.

நவம்பர் 18, திங்கள்

இரண்டு காட்சி. டீன் எனக்குச் சொல்லாமல் கோப்பையில் பச்சைத்தண்ணீர் ஊற்றியிருந்தான். குடிப்பதை நிறுத்திவிட்டுக் கமராவைப் பார்த்தேன். ஹேசல் ‘கட்’ சொன்னாள். எல்லோருக்கும் முன்னால் அவளிடம் சொன்னேன், இதை என்னிடம் மறுபடி செய்தால் என்ன நடக்குமென்று எனக்கே தெரியாதென்று. அவள் முகம் சிவந்தது. அவளும் களைத்துப்போய்த்தான் இருக்கிறாள். அதற்காக நான் என் பேச்சை மாற்ற முடியாது.

நவம்பர் 19, செவ்வாய்

நாளைக்குப் போகிறேன். பார்வையாளனாக.

வழிக்குச் சாமான் வாங்கினேன். பாண், பால், பற்றரி, சவர அலகு ஒரு பக்கெட், சின்னக் கத்தரிக்கோல். அலகு கேபிளில் ஒட்டிய பசைநாடாவை வெட்டுவதற்கு.

இன்று காலையும் பெத்தன் என் முகத்தைப் படம் பிடித்தாள். “அழகான தாடி நாதன், எனக்கு வேலையே வைக்கவில்லை” என்றாள். நல்ல பிள்ளை. அவளுடைய முகத்தைப் பார்க்க முடியவில்லை, விளக்கு கண்ணில் அடித்தது.

நவம்பர் 20, புதன்

மலிவான அலகு. சுடலைக்கு முன் ஒரு பெற்றோல் நிலையத்தின் கழிப்பறையில், பச்சைத்தண்ணீரில். தலைக்கு மூன்று அலகு போனது. ஒருவன் கதவைத் தட்டிக்கொண்டே நின்றான். நான் திறந்ததும் என்னைப் பார்த்து, “மன்னிக்கவேண்டும் ஐயா” என்று விலகினான். ஏன் மன்னிப்புக் கேட்டான் என்று தெரியவில்லை.

மண்டபத்துக்குள் போனால், பெட்டிக்குப் பக்கத்தில் ரகுலன் வேட்டியோடு நிற்கிறான். அவனும் மொட்டை, அவனுக்கும் மீசை இல்லை. விடியவே எடுத்துவிட்டானாம். இரண்டு மொட்டையும் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டு நின்றோம். பின்னால் ஒரு கிழவி, “இதென்ன, ரெண்டு கொள்ளியோ?” என்றாள்.

ஐயர் கேட்டார்: “ஆர் வைக்கிறது?”

ரகுலன் என்னைப் பார்த்தான். “மாமாவின்ர தம்பி” என்று சொல்லி ஒதுங்கி நின்றான். நான் அவனைப் பற்றி நினைத்ததில் சிலவற்றை மாற்றிக்கொள்ளலாம்.

தாரணி கிட்ட வந்தாள். என் காதோரம் அலகு வெட்டிய இடத்தில் இரத்தம் வந்திருந்தது. சேலைத் தலைப்பால் துடைத்தாள்.

அவருடைய மீசையை நன்றாக வெட்டிவிட்டிருந்தார்கள். என் முன்னால் அவர் வாய் மூடியிருந்ததை இன்றுதான் பார்த்தேன். வாய்க்கரிசி போட்டேன். இந்த நாட்டில் கொள்ளி என்றால் கடைசியில் ஒரு பொத்தான். சின்னப் பச்சைப் பொத்தான், லிஃப்டில் இருப்பதுபோல. அழுத்தினேன். திரை மூடியது.

அவர் விட்டாராம். நான் விடவில்லை. அதுதான் விடயம். வேறு காரணம் ஒன்றும் கிடையாது.

நவம்பர் 21, வியாழன்

காலையில் தொப்பியோடு ஒப்பனை அறைக்குப் போய்க் கழற்றினேன். பெத்தன் கையிலிருந்த தூரிகையைக் கீழே போட்டாள்.

டீன் வந்தான். பிறகு ஹேசல். கமராக்காரனும் வந்தான். ஒருவரும் சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் எனக்கு வசதியாக இருந்திருக்கும்.

“ஏன்?” என்றாள் ஹேசல்.

“கடித்தது” என்றேன். “தாடி கடித்து அரித்தது.”

“தலையுமா?”

தொப்பியைச் சுருட்டினேன். டீன்தான் வெடித்தான். “தேநீருக்காக! தண்ணீர் ஊற்றியதற்காக இதைச் செய்தீர்களா? திங்கட்கிழமை மிரட்டினாரே, எல்லோரும் கேட்டோம்தானே! எத்தனை பேர் ஒரு மாதமாக இந்தக் குளிரில் கிடக்கிறோம். எல்லாவற்றையும் ஒரு கோப்பைத் தேநீருக்காகக் கெடுத்துவிட்டார்.”

அவர்கள் அப்படி நினைப்பார்கள் என்று நான் யோசிக்கவேயில்லை. இல்லையென்று சொல்லப் போனால் மற்றதைச் சொல்லவேண்டும். ஒரு மனிதனின் சாவை அனுதாபத்துக்காக விற்க நான் வரவில்லை. சும்மா நின்றேன்.

பெத்தன் எங்கிருந்தோ ஒரு பொய்த்தாடி கொண்டுவந்து ஒட்டினாள். யாரோ செத்த பூனையை முகத்தில் கட்டியதுபோல் இருந்தது. தூரத்திலிருந்து, முதுகுப் பக்கமாக, ஒரு காட்சி எடுத்தார்கள். கிட்ட வந்தால் சரிவராது. என் பேச்சு முழுக்கக் கிட்ட எடுக்கவேண்டியது.

மத்தியானச் சாப்பாட்டுக்கு எனக்குப் பக்கத்தில் ஒருவரும் இருக்கவில்லை. வானுக்குள் இருந்து கேபிள் சுற்றினேன். ஏற்கெனவே சுற்றியவற்றை அவிழ்த்துச் சுற்றினேன்.

நவம்பர் 22, வெள்ளி

கடைசி நாள்.

காலை ஹேசல் வானுக்கு வந்து பக்கத்து இருக்கையில் ஏறி இருந்தாள். தாரணி அவர்களுடைய அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்திருக்கிறாள், சித்தப்பாவைக் கொள்ளி வைக்க அனுப்பியதற்கு நன்றி சொல்ல. இந்தக் குடும்பத்தில் யாருக்கும் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கத் தெரியாது.

“உங்கள் சொந்த அண்ணனா?”

“ஓம்.”

“தூரத்துச் சொந்தம் என்றீர்கள்.”

“கிட்டவும் இல்லை.”

“ஏன் எனக்குச் சொல்லவில்லை? முன்னமே சொல்லியிருந்தால் உங்கள் ஐந்து காட்சியையும் செவ்வாய்க்குள் எடுத்திருப்பேனே!”

இது எனக்குத் தோன்றவில்லை. உண்மையைத்தான் எழுதுகிறேன். இத்தனை வருடம் படப்பிடிப்பில் நின்றவன், படத்தை வரிசையாக எடுப்பதில்லை என்று மற்றவர்களுக்குப் பாடம் சொன்னவன். வாயைத் திறந்து கேட்டிருந்தால் போதும். இதை அவளிடம் ஒப்புக்கொள்ளவில்லை.

“நீ தாடி கேட்டாய். தந்தேன். மற்றது நீ கேட்கவில்லை” என்றேன்.

அவள் சிரித்தாளா, பெருமூச்சு விட்டாளா, தெரியாது. மிச்சம் நாலு காட்சி. நாலையும் வெட்டிவிட்டாள். என் பேச்சும் போனது. அந்த இடத்தில் ஒரே ஒரு காட்சி: வெளியே கதவை உடைக்கிறார்கள். உள்ளே கிழவன், சவரம் செய்த முகத்தோடு, தேநீர் குடிக்கிறான். வசனம் இல்லை.

“அவன் ஏன் சவரம் செய்தான் என்று பார்க்கிறவர்கள் கேட்பார்களே?” என்றேன்.

“கேட்கட்டும்” என்றாள்.

மூன்று மணிக்கே வெளிச்சம் இறங்கத் தொடங்கியது. ஒரு தடவைதான் எடுக்கமுடியும். உடைக்கிற கதவும் ஒன்றுதான். எல்லாம் தயார். நான் கோப்பையைப் பார்த்தேன். தேநீர் இருந்தது. ஆறிப்போயிருந்தது.

“சூடாக வேண்டும்” என்றேன்.

கமராக்காரன் வானத்தைப் பார்த்தான். யாரோ ஒரு கெட்ட வார்த்தை சொன்னார்கள். டீன் கோப்பையை என் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டு ஓடினான். கேத்தில் கொதிக்கும் சத்தத்தை எல்லோரும் நின்று கேட்டோம். யன்னலில் வெளிச்சம் ஒரு விரல் அளவு இறங்கியது. டீன் தளும்பத் தளும்பக் கொண்டுவந்தான். அவனுடைய பெருவிரல் வெந்து சிவந்திருந்தது. என்னைப் பார்க்காமல் வைத்தான்.

குடித்தேன். வெளியே கதவு அதிர்ந்தது. நாக்கு வெந்தது, தொண்டை வெந்தது. கண்ணில் தண்ணீர் வந்தது, சூட்டுக்கு வரும்தானே. முகத்தைச் சுளிக்கவில்லை. கதவு உடைந்து விழுந்தபோதும் கோப்பையைக் கீழே வைக்கவில்லை, முழுவதையும் குடித்து முடித்தேன். ஹேசல் ‘கட்’ சொல்ல வெகுநேரம் எடுத்தது.

டீன் வந்து கோப்பைக்குள் எட்டிப் பார்த்தான்.

“எல்லாவற்றையும் குடித்துவிட்டாரே” என்றான்.

எடுத்ததைத் திரையில் பார்க்கக் கூப்பிட்டார்கள். நான் போகவில்லை. விளக்குக் கழற்றவேண்டியிருந்தது. குறை சொல்ல ஆள் இல்லாத இடத்தில் எனக்கு என்ன வேலை?

டிசம்பர் 12, வியாழன்

இன்று முப்பத்தோராம் நாள், அந்தியேட்டி. தாரணி வீடு. ஒன்பது வருடத்துக்குப் பிறகு அந்தப் படியில் ஏறினேன். அதே தொலைக்காட்சி, அதே சோபா, பிள்ளைகள் வளர்ந்துவிட்டன. தாடி முள்ளுமுள்ளாக வந்துகொண்டிருக்கிறது. இனி யாருக்கும் தேவையில்லை, வரட்டும்.

அவருடைய படத்துக்கு முன்னால் தலைவாழை இலை. சோறு, கறிகள், வடை, அவருக்குப் பிடித்த பனங்காய்ப் பணியாரம், கடையில் வாங்கிய சுருட்டு ஒன்று. இலையின் ஓரத்தில் அவருடைய பெரிய கோப்பை. ஐயர் மணியைக் கையில் எடுத்துவிட்டார். நான் எட்டிப் பார்த்தேன்.

“தாரணி, இதுக்குள்ள ஒண்டும் இல்லை.”

“தேத்தண்ணி ஊத்த மறந்திட்டன் சித்தப்பா. சும்மா ஒரு பேச்சுக்குத்தானே, கோப்பை மட்டும் இருந்தாக் காணும்.”

“காணாது.”

“ஐயர் நிக்கிறார்…”

“ஐயர் நிக்கட்டும்.”

குசினிக்குப் போனேன். கேத்திலைப் போட்டேன். பின்னால் எல்லோரும் நிற்பது தெரிந்தது, ரகுலன் மெல்லச் சிரிப்பதும் கேட்டது. கொதித்தது. சாயம் இறங்கும்வரை நின்றேன். பால் விட்டு, அவர் குடிக்கிற மாதிரி சீனி மூன்று கரண்டி போட்டு, விளிம்புவரை ஊற்றினேன். சிந்தாமல் கொண்டுவந்து அண்ணனுக்கு முன்னால் வைத்தேன்.

ஆவி வந்துகொண்டிருந்தது. ஐயரைத் தொடங்கச் சொன்னேன்.